மொட்டைக் கடுதாசியும் மாறுதல் ஆணையும்

கேள்வி: வக்கீல் அண்ணாச்சிக்கு வணக்கம். நான் அம்பாசமுத்திரம் பக்கம் ஓர் அரசு அலுவலகத்தில் உதவியாளர். இந்த சீட்டுக்கு வந்து பதினான்கு மாதம்தான் ஆகிறது. ஆறு மாதத்துக்கு முன்னால் ஒரு பில்லில் அளவு இடிக்கிறது என்று குறிப்பு எழுதி மேலே அனுப்பினேன். அடுத்த மாதமே என் பேரில் மொட்டைக் கடுதாசி வந்தது. விளக்கம் கேட்டு மெமோ தந்தார்கள், பதில் கொடுத்தேன், அதோடு சத்தமில்லை. போன வெள்ளிக்கிழமை சாயங்காலம் 'நிர்வாக நலன் கருதி' என்று போட்டு ராதாபுரம் பக்கம் மாற்றிவிட்டார்கள். ஆணையைக் கையில் தந்து, அன்றைக்கே ரிலீவும் செய்துவிட்டார்கள். என்னைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்கவில்லை. மாமியாருக்கு வாரம் இரண்டு தடவை ஐகிரவுண்டு ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ். பையன் பன்னிரண்டாம் வகுப்பு. கணவர் அரசு பஸ்ஸில் கண்டக்டர், எந்த நேரத்துக்கு வீட்டுக்கு வருவார் என்று சொல்ல முடியாது. சங்கத்தில் சிலர், 'போய்ச் சேராதே, மெடிக்கல் லீவு போடு, ஸ்டே வாங்கிவிடலாம்' என்கிறார்கள். எம்.எல்.ஏ.விடம் சிபாரிசுக் கடிதம் வாங்கித் தருவதாக ஒரு சொந்தக்காரர் சொல்கிறார். வழக்குப் போட்டால் ஜெயிக்குமா? ஒன்றும் முடியாவிட்டால் பையன் பரீட்சை முடிகிற வரைக்குமாவது தள்ளிப்போட வழி உண்டா?
— பெயர் வெளியிட வேண்டாம், அம்பாசமுத்திரம் வட்டம்

பதில்:

முதலில் போய்ச் சேருங்கள், தங்கச்சி. மனு, வழக்கு, ஸ்டே எல்லாம் அப்புறம். உங்கள் கடிதத்தில் எனக்குப் பயம் தந்தது சங்கத்து நண்பர்கள் சொன்ன அந்த மெடிக்கல் லீவு யோசனைதான்.

வெள்ளிக்கிழமை பிற்பகலோடு உங்களை விடுவித்துவிட்டார்கள். பழைய அலுவலகத்து வருகைப் பதிவேட்டில் இனி உங்களுக்கு இடமில்லை. புதிய இடத்திலும் சேரவில்லை என்றால் உங்களுக்குச் சம்பளப் பட்டியல் போட ஒரு அலுவலகமும் கிடையாது. பணியேற்பிடைக் காலம் (புதிய இடத்தில் சேரத் தருகிற அவகாசம்) முடிந்த பிறகு நீங்கள் போகாத ஒவ்வொரு நாளும் அனுமதியில்லாமல் வராத நாளாகச் சேரும். மெடிக்கல் லீவு எழுதினால் மருத்துவக் குழுவுக்கு அனுப்புவார்கள். குழு 'பணி செய்யத் தகுதியாக இருக்கிறார்' என்று எழுதிவிட்டால் 17-பி மெமோ, அதாவது ஒழுங்கு நடவடிக்கைக்கான குற்றச்சாட்டுக் குறிப்பாணை, வீடு தேடி வரும். இன்றைக்கு உங்கள் கையில் இருப்பது ஒரு மாறுதல் ஆணை மட்டும். அதனோடு ஓர் ஒழுங்கு நடவடிக்கையையும் நீங்களே சம்பாதித்துக்கொடுத்தால், மொட்டைக் கடுதாசி எழுதியவருக்கு அதைவிட வேறென்ன வேண்டும்?

இது என் பயமுறுத்தல் இல்லை. குஜராத் மின்வாரியத்தில் ஒரு பொறியாளர் இப்படித்தான் மாறுதலை எதிர்த்து மனுக் கொடுத்துவிட்டு, 'மனு நிலுவையில் இருக்கிறதே' என்று புதிய இடத்துக்குப் போகாமலே இருந்தார். வேலையே போய்விட்டது. உச்ச நீதிமன்றம் 1989-இல் அந்த வேலைநீக்கத்தைச் சரி என்றே சொன்னது. மனுக் கொடுப்பது ஊழியரின் உரிமை. ஆனால் மனுக் கொடுத்த ஒரே காரணத்துக்காக ஆணையை மதிக்காமல் இருக்க முடியாது, தடையாணை இல்லாதவரை போய்ச் சேர்ந்தே ஆகவேண்டும் என்பது அதன் சாரம். இன்றுவரை அரசு வழக்கறிஞர்கள் கையில் எப்போதும் இருக்கும் தீர்ப்பு இது.

'சேர்ந்துவிட்டால் ஆணையை ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடாதா' என்று அடுத்து கேட்பீர்கள். ஆகாது. பணியேற்பு அறிக்கை எழுதும்போது, 'இன்று முற்பகல் பணியேற்கிறேன்' என்பதோடு, 'மாறுதல் ஆணையை எதிர்த்து முறையிடும் எனது உரிமைக்குப் பங்கமின்றி' என்று ஒரு தொடரைச் சேர்த்து எழுதுங்கள். அறிக்கையின் நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். உங்களை இன்னும் விடுவிக்காமல் இருந்திருந்தால் நான் வேறு மாதிரி யோசனை சொல்லியிருப்பேன். ரிலீவ் ஆவதற்கு முன்னால் மதுரை உயர் நீதிமன்றக் கிளைக்குப் போனவருக்கு, இருக்கிற நிலையே தொடரட்டும் என்று உத்தரவு கிடைக்கக் கொஞ்சம் வாய்ப்பு அதிகம். உங்களுக்கு அந்தக் கதவை வெள்ளிக்கிழமை சாயங்காலமே சாத்திவிட்டார்கள். சாயங்காலம் ஆணை, அதே சாயங்காலம் ரிலீவ் என்பதெல்லாம் யோசித்துச் செய்கிற வேலைதான்.

சரி, வழக்குக்கு வருவோம். உங்கள் கடிதத்தில் இரண்டு சமாசாரம் கலந்து கிடக்கிறது. ஒன்று உங்கள் கஷ்டம்: மாமியார், பையன், கணவரின் டியூட்டி, ராதாபுரம் வரைக்கும் பஸ் மாறிப் போகிற அலைச்சல். இன்னொன்று உங்கள் வழக்கு: குறிப்பு, மொட்டைக் கடுதாசி, மெமோ, அதன் பிறகு மாறுதல். கஷ்டத்தை அதிகாரியிடம் சொல்ல வேண்டும். வழக்கை நீதிமன்றத்தில் சொல்ல வேண்டும். பெரும்பாலான மாறுதல் வழக்குகள் தோற்பது இதை மாற்றிச் செய்வதால்தான். பிரமாணப் பத்திரத்தில் பத்துப் பக்கம் டயாலிசிஸும் படிப்பும் எழுதிவிட்டு, மொட்டைக் கடுதாசியை ஒரு வரியில் தள்ளிவிடுவார்கள். நீதிபதி படித்துப் பார்த்துவிட்டு, பாவம்தான், ஆனால் இதில் நான் தலையிட என்ன இருக்கிறது என்பார்.

ஏன் அப்படி என்பதற்கு ஒரு வழக்கைச் சொல்கிறேன். ஷில்லாங்கில் இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தில் வேலை பார்த்த அப்பாஸ் என்பவரை உத்தரப் பிரதேசத்து மலைப் பக்கம் பவுரி என்ற ஊருக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கில் மத்திய அரசு வேலை, பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள், அவருக்கே முதுகெலும்பில் அடிபட்டிருந்தது. கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்க வேண்டும் என்று அரசின் வழிகாட்டு நெறிமுறையும் இருந்தது. தீர்ப்பாயம் அவருக்குச் சாதகமாகச் சொன்னது. 1993-இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. யாரை எங்கே போடுவது என்பது அந்தத் துறை முடிவு செய்ய வேண்டியது. வழிகாட்டு நெறிமுறை சட்டம் ஆகாது. அதை மீறிவிட்டார்கள் என்பதற்காக மாறுதலை ரத்து செய்ய முடியாது என்றது. அதற்கு இரண்டு வருஷம் முன்னால், சில்பி போஸ் வழக்கில், நெறிமுறை மீறப்பட்டால் மேலதிகாரியிடம் போய் முறையிடுங்கள் என்று ஏற்கெனவே சொல்லியிருந்தார்கள்.

ஆகவே 'மூன்று வருஷம் முடியவில்லை, பதினான்கு மாதத்தில் மாற்றிவிட்டார்கள்' என்பது தனியாக நின்றால் உங்களைக் காப்பாற்றாது. சங்கத்தில் மாறுதல் நெறிமுறை பற்றிய 1994-ஆம் ஆண்டு அரசாணையை எடுத்துக் காட்டுவார்கள். நல்லது, மனுவில் எழுதுங்கள், அதோடு நிற்கட்டும். 'என்னைக் கேட்கவில்லை' என்பதும் அப்படித்தான். தண்டனை கொடுக்கும்போதுதான் கூப்பிட்டு விளக்கம் கேட்க வேண்டும். சாதாரண மாறுதலுக்கு முன்கூட்டி விளக்கம் கேட்கத் தேவையில்லை என்று நம் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அந்த வழக்கில் உங்களுக்குப் பிடித்த இன்னொரு பாதியும் உண்டு, கடைசியில் சொல்கிறேன்.

அப்படியானால் நீதிமன்றம் எப்போதுதான் தலையிடும்? ஆணை போட்டவருக்கு அந்த அதிகாரமே இல்லாமல் இருந்தால் தலையிடும். சட்டவிதியை மீறினால் தலையிடும்: குறைந்த சம்பளப் பதவிக்குத் தள்ளுவது, உங்கள் பணி அலகுக்கு வெளியே விதியில்லாமல் தூக்கிப் போடுவது போன்றவை. இந்த இரண்டும் உங்கள் விஷயத்தில் இருப்பதாகத் தெரியவில்லை. ஆனாலும் ஆணையின் அடியில் கையெழுத்து யாருடையது, 'அலுவலருக்காக' என்று வேறு யாராவது போட்டிருக்கிறார்களா என்று ஒரு தடவை பார்த்துக்கொள்ளுங்கள். மிச்சம் இருப்பது உள்நோக்கம், இன்னொன்று தண்டனைக்குப் பதிலாகச் செய்த மாறுதல். இந்த இரண்டையும் ஒன்றாக நினைத்துக் குழப்பிக்கொள்கிறவர்களில் வக்கீல்களும் உண்டு.

உள்நோக்கம் என்று சொல்வது சுலபம், நிரூபிப்பது மலை. ராயப்பா வழக்கு என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்தவர், தன்னை வேறு பதவிக்கு மாற்றியது பழிவாங்கல் என்று உச்ச நீதிமன்றம் வரைக்கும் போனார். 1974-இல் ஐந்து நீதிபதிகள் தந்த அந்தத் தீர்ப்பில், அரசு தன்னிச்சையாக நடந்தால் அது சமத்துவத்துக்கு எதிர் என்று சொன்ன பகுதியை சட்டக் கல்லூரியில் எல்லோரும் மனப்பாடம் செய்வோம். வழக்குப் போட்டவர் தோற்றுப்போனார் என்பது பலருக்கு ஞாபகம் இருக்காது. உள்நோக்கம் என்று குற்றம் சாட்டுகிறவர்மேல்தான் அதை நிரூபிக்கும் பாரம், அதுவும் மிகக் கனமான பாரம் என்று அதே தீர்ப்பு சொல்கிறது. தலைமைச் செயலாளருக்கே அந்தக் கதி. 2004-இல் கோவர்தன் லால் வழக்கில் இன்னும் தெளிவாகச் சொன்னார்கள்: ஊகமும் சந்தேகமும் போதாது, நம்பிக்கை தருகிற திடமான ஆதாரம் வேண்டும். அதோடு, எந்த அதிகாரிக்கு உள்நோக்கம் என்கிறீர்களோ அவரைப் பெயர் சொல்லித் தனிப்பட்ட முறையில் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். நாளைக்கும் அதே துறையில்தானே நீங்கள் வேலை பார்க்கப் போகிறீர்கள்? பில்லில் அளவு இடித்ததற்கும் மாறுதலுக்கும் நடுவில் ஒரு மனிதரின் கை இருந்தது என்பதற்கு உங்களிடம் தாள் ஏதாவது இருக்கிறதா? இல்லையென்றால் அந்தப் பாதை வேண்டாம்.

உங்களுக்குப் பொருந்துவது இரண்டாவது பாதை. மத்திய கலால் துறையில் போபாலில் இருந்த சோமேஷ் திவாரி என்ற அதிகாரியின் பேரில் ஒரு மொட்டைக் கடுதாசி வந்தது. விசாரித்தார்கள், அதில் உண்மை இல்லை என்று தெரிந்தது. அப்படியும் அவரை ஷில்லாங்குக்கு மாற்றினார்கள். (மாறுதல் வழக்குகளில் இந்த ஷில்லாங் ஏனோ அடிக்கடி வருகிறது.) 2009-இல் உச்ச நீதிமன்றம், புகாரின் பேரில் மாறுதல் என்றால் அது தண்டனைக்குப் பதிலாகச் செய்தது, அப்படிச் செய்யச் சட்டத்தில் இடமில்லை என்று சொல்லிவிட்டது. இதில் கவனிக்க வேண்டியது என்னவென்றால், அந்த அதிகாரி 'இன்னாருக்கு என்மேல் பகை' என்று நிரூபிக்கவில்லை. பகை இருந்ததா இல்லையா என்ற கேள்வியே தேவைப்படவில்லை. மாறுதல் என்ற அதிகாரத்தை எதற்காகக் கொடுத்தார்களோ அதற்கல்லாமல் வேறொன்றுக்குப் பயன்படுத்தினாலே ஆணை கெட்டுப்போகும். நீங்களும் யாரையும் பெயர் சொல்லிக் குற்றவாளிக் கூண்டில் ஏற்ற வேண்டியதில்லை. 'கடுதாசி வந்தது, மெமோ வந்தது, பதில் கொடுத்தேன், முடிவு சொல்லவில்லை, மாற்றிவிட்டார்கள்' என்ற வரிசை போதும், அந்த வரிசையைத் தாளில் காட்ட முடிந்தால்.

தாள் எங்கே இருக்கிறது? பாதி உங்கள் கையிலேயே இருக்கிறது. மாறுதல் ஆணையை எடுத்து வைத்துக்கொண்டு மெதுவாகப் படியுங்கள். எல்லோரும் நடுவில் உள்ள பத்தியை மட்டும் படிப்பார்கள், எந்த ஊர் என்று பார்ப்பார்கள், மடித்து வைத்துவிடுவார்கள். நீங்கள் மேலே ந.க. எண்ணை, அதாவது கோப்பு எண்ணைப் பாருங்கள். அதன் பக்கத்தில் உங்கள் பழைய மெமோவை வைத்து, அதிலுள்ள ந.க. எண்ணோடு ஒப்பிடுங்கள். இரண்டும் ஒரே கோப்பு எண் என்றால், புகாரை விசாரித்த கோப்பிலேயே மாறுதலும் பிறந்திருக்கிறது. 'நிர்வாக நலன்' என்ற சொல் அதற்கு மேல் போர்த்திய துணி. அடுத்து 'பார்வை' என்று போட்டு ஒன்று, இரண்டு, மூன்று என்று எழுதியிருப்பார்களே, அதைப் பாருங்கள். அதில் அந்தப் புகார் மனுவின் தேதியோ, உங்கள் விளக்கத்தின் தேதியோ, அதைப் பற்றி யாரோ அனுப்பிய அறிக்கையின் தேதியோ இருந்தால் வழக்கின் முக்கால் பங்கு அங்கேயே கிடைத்துவிட்டது. ஆணை தட்டச்சு செய்பவர் பழக்க தோஷத்தில் கோப்பில் உள்ளதையெல்லாம் பார்வையில் ஏற்றிவிடுவது உண்டு. கடைசியாக 'நகல்' யார் யாருக்கு என்பதையும் பாருங்கள். மாறுதலுக்குச் சம்பந்தமில்லாத விசாரணை அலுவலருக்கு ஒரு நகல் போயிருந்தால் அதுவும் ஒரு சாட்சி.

அந்த ஆணையில் உங்கள் பெயர் மட்டும் இருக்கிறதா, பத்துப் பேரோடு ஒருவராக இருக்கிறீர்களா? தனி ஆள் என்றால் நல்லது. பட்டியலில் பதினோராவது ஆள் என்றால், இது பொது மாறுதல் என்று அரசு தரப்பு சொல்லும், அதை உடைப்பது சிரமம். ராதாபுரம் பக்கத்துக் காலியிடம் எத்தனை மாதமாகக் காலியாக இருந்தது, உங்கள் சீட்டுக்கு யாரைப் போட்டிருக்கிறார்கள் என்பதையும் விசாரித்து வையுங்கள். உங்கள் இடத்துக்கு ஒருவர் வந்து சேர்ந்திருந்தால் அவரையும் வழக்கில் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவரை விட்டுவிட்டு வாங்குகிற உத்தரவு நிற்காது.

மிச்சப் பாதித் தாள் அலுவலகத்தில் இருக்கிறது. தகவல் உரிமைச் சட்டத்தில், பத்து ரூபாய் நீதிமன்ற வில்லை ஒட்டி, உங்கள் மாறுதல் தொடர்பான குறிப்புக் கோப்பின் நகலும், மொட்டைக் கடுதாசி மீது எடுத்த முடிவின் நகலும் கேளுங்கள். முப்பது நாளில் பதில் தர வேண்டும். தராவிட்டால் அடுத்த முப்பது நாளுக்குள் முதல் மேல்முறையீடு. ஆனால் இந்தப் பதிலுக்காக வழக்கைத் தள்ளிப்போட வேண்டாம். மாறுதல் வழக்கு ஆறப்போட்டால் செத்துவிடும். விண்ணப்பம் போட்ட அத்தாட்சி இருந்தாலே, கோப்பை வரவழைத்துப் பார்க்கும்படி நீதிபதியைக் கேட்க உங்கள் வக்கீலுக்கு ஒரு பிடி கிடைக்கும்.

அரசு தரப்பு என்ன சொல்லும் என்பதையும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். 2004-இல் ஜனார்தன் தேப்நாத் என்று ஒரு தீர்ப்பு இருக்கிறது. அஞ்சல் துறையில் ஒரு பெண் அதிகாரியிடம் முறைகேடாக நடந்துகொண்டதாகச் சில ஊழியர்களை மாற்றினார்கள். குற்றச்சாட்டை முழுதாக விசாரித்து நிரூபித்த பிறகுதான் மாற்ற வேண்டும் என்றால் நிர்வாகம் நடத்தவே முடியாது, முதல் பார்வைக்குக் காரணம் இருந்தால் போதும் என்றது உச்ச நீதிமன்றம். 'புகார் இருந்தது, விசாரணை ஒழுங்காக நடக்க அவரை நகர்த்தினோம், அவ்வளவுதான்' என்று உங்கள் வழக்கிலும் இதைத்தான் காட்டுவார்கள். அப்போது வழக்கின் முடிவு ஒரே கேள்வியில் தொங்கும்: உங்கள் விளக்கத்துக்குப் பிறகு அந்த விசாரணை என்ன ஆனது? விசாரணையே நடக்கவில்லை, அல்லது நடந்து ஒன்றும் இல்லை என்று முடிந்தது என்றால் காற்று உங்கள் பக்கம். உண்மையிலேயே விசாரணை நடந்துகொண்டிருக்கிறது என்றால் எதிர்ப்பக்கம். இதை உங்கள் வக்கீலிடம் மறைக்காமல் சொல்லுங்கள். மொட்டைக் கடுதாசியில் பத்தில் ஒரு பங்காவது உண்மை இருந்தால், அதை அரசு வழக்கறிஞர் வாயிலிருந்து முதல்முதலாகக் கேட்கிற நிலைமையில் உங்கள் வக்கீலை நிறுத்திவிடாதீர்கள்.

இனி கஷ்டத்தின் பக்கம். இதற்கு இடம் அதிகாரியின் மேஜை. ஆணை போட்டவருக்கு மேல் உள்ள அதிகாரிக்கு, முறையான வழியில் ஒரு மனு. முன்நகல் ஒன்று நேரடியாகப் பதிவுத் தபாலில். இரண்டு பக்கத்துக்கு மேல் போக வேண்டாம். மாமியாரின் டயாலிசிஸ் அட்டை நகல், எந்தெந்தக் கிழமை என்ற விவரம், பையனின் பள்ளியிலிருந்து படிப்புச் சான்று, கணவரின் பணிச் சான்று எல்லாவற்றையும் இணையுங்கள். மொட்டைக் கடுதாசி சமாசாரத்தை இதில் ஒரு வரி, கோபமில்லாமல், தேதிகளோடு மட்டும் சொல்லுங்கள். அதையும் சொல்லாமல் விட்டால், பின்னால் நீதிமன்றத்தில் 'அப்போது ஏன் சொல்லவில்லை' என்பார்கள்.

ஒரு முக்கியமான யோசனை: பழைய சீட்டே வேண்டும் என்று கேட்காதீர்கள். 'அப்படி என்ன அந்த சீட்டில் பசை' என்று மேலே இருக்கிறவர் நினைப்பார். மொட்டைக் கடுதாசி இருக்கிற நேரத்தில் அந்த நினைப்பு உங்களுக்கு ஆகாது. கல்லிடைக்குறிச்சி, சேரன்மகாதேவி, முக்கூடல் என்று உங்கள் துறைக்கு அலுவலகம் இருக்கிற மூன்று பக்கத்து ஊர்களை எழுதி, இதில் எங்கே காலியிடம் இருந்தாலும் சரி என்று கேளுங்கள். அதிகாரிக்கும் தன் ஆணையைத் தானே ரத்து செய்கிற சங்கடம் இல்லாமல் இன்னொரு ஆணை போட வழி கிடைக்கும். நான் பார்த்தவரை மாறுதல் பிரச்சினைகள் அதிகம் தீர்வது இப்படித்தான். கணவன் மனைவி விஷயத்தில் 2022-இல் நௌஷாத் ரகுமான் வழக்கில் உச்ச நீதிமன்றம், குடும்ப வாழ்க்கையும் மரியாதையும் அரசியல் சட்டம் பாதுகாக்கிறவை, மாறுதல் கொள்கை வகுக்கும்போது அரசு அதைக் கருத வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. மனுவில் இதைக் குறிப்பிடலாம்.

யாராவது உங்களைத் தனியாகக் கூப்பிட்டு, 'விருப்ப மாறுதல் என்று எழுதிக் கொடும்மா, நல்ல இடமாகப் போட்டுத் தருகிறோம்' என்றால் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள். சொந்த விருப்பத்தின் பேரில் என்று ஆகிவிட்டால் மாறுதல் பயணப்படி கிடையாது. வேறு அலகுக்குப் போனால் பணிமூப்பும் கீழே இறங்கும். இந்த ஆணையை எதிர்க்கிற வாயும் அடைபட்டுவிடும். மனுவில் 'மாறுதல் ஆணையை மறுபரிசீலனை செய்து' என்ற தொடர் கட்டாயம் இருக்கட்டும்.

எம்.எல்.ஏ. கடிதம் வேண்டவே வேண்டாம். அரசு ஊழியர் தன் பணி விஷயத்தில் வெளியாள் செல்வாக்கைக் கொண்டுவருவது நடத்தை விதிகளின்படி தப்பு. அந்தக் கடிதம் கோப்பில் போய் உட்காரும், எப்போது வேண்டுமானாலும் வெளியே எடுப்பார்கள். உங்களை மாற்றச் சொல்லி எதிர்த்தரப்பு யாரையாவது பிடித்திருக்கலாம் என்ற சந்தேகம் உங்களுக்கு இருக்கிறது என்று நினைக்கிறேன். ஆனால் மக்கள் பிரதிநிதி சிபாரிசு செய்தார் என்பதால் மட்டும் மாறுதல் கெட்டுப்போகாது என்று 2007-இல் மசூத் அகமது வழக்கில் சொல்லிவிட்டார்கள். அவர்களுக்கு அது ஆயுதமாகப் பயன்படும், உங்களுக்குக் கேடயமாகப் பயன்படாது. அலுவலக வாட்ஸ்அப் குழுவில் ஆற்றாமையைக் கொட்டுவதையும் கொஞ்ச நாளைக்கு நிறுத்தி வையுங்கள். அதையும் படமெடுத்துப் பதில் மனுவோடு இணைப்பார்கள்.

வழக்கு எங்கே என்று கேட்டால், மதுரைதான். மாநில அரசு ஊழியர்களுக்குத் தனியாக இருந்த நிர்வாகத் தீர்ப்பாயத்தை எடுத்துவிட்டார்கள். இப்போது நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. 2004 ஜூலையில் மதுரைக் கிளை வந்ததால் நம் ஜில்லாக்காரர்கள் நெல்லை எக்ஸ்பிரஸ் பிடித்துச் சென்னைக்கு ஓட வேண்டியதில்லை. நீங்கள் மதுரைக்கும் வரவேண்டாம். பிரமாணப் பத்திரத்தில் இங்கேயே கையெழுத்துப் போட்டு அனுப்பலாம், விசாரணைக்கு நீங்கள் நேரில் நிற்கத் தேவையில்லை. புது இடத்தில் சேர்ந்த கையோடு லீவு போட்டு ஒத்தக்கடையில் நீதிமன்ற வாசலில் நிற்பது எந்த விதத்திலும் உதவாது.

அங்கே என்ன நடக்கும்? பெரும்பாலும் முதல் நாளிலேயே, 'மனுதாரரின் கோரிக்கை மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் தகுந்த ஆணை பிறப்பிக்க வேண்டும்' என்று ஒரு உத்தரவோடு வழக்கை முடித்துவிடக் கூடும். வக்கீல் போன் செய்து 'ஆர்டர் வந்துவிட்டது' என்பார், நீங்கள் ஜெயித்துவிட்டதாக நினைப்பீர்கள். ஜெயிக்கவில்லை. அதிகாரி மனுவைப் படித்துப் பார்த்து, 'நிர்வாக நலன் கருதி ஏற்க இயலவில்லை' என்று ஒரே பத்தியில் மறுத்தாலும் அந்த உத்தரவை நிறைவேற்றியதாகவே ஆகும். சேரன்மகாதேவியோ முக்கூடலோ போதும் என்றால் இந்த உத்தரவே தாராளம், கோப்பை நகர்த்த ஒரு தள்ளு கிடைக்கும். மாறுதலே தப்பு என்று ரத்து செய்ய வேண்டும் என்றால், 'பரிசீலனை உத்தரவு வேண்டாம், வழக்கை ஏற்று அரசிடம் பதில் மனு கேளுங்கள்' என்று உங்கள் வக்கீல் வாதாட வேண்டும். எது வேண்டும் என்பதைக் கையெழுத்துப் போடும்போதே அவரிடம் தெளிவாகச் சொல்லிவிடுங்கள். தனி நீதிபதி தள்ளுபடி செய்தால் முப்பது நாளுக்குள் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு செய்யலாம்.

ஜெயிக்குமா என்று கேட்டிருக்கிறீர்கள். ந.க. எண் ஒன்றாகவோ, பார்வையில் புகாரின் தேதியோ இருந்தால் வழக்குப் போடுங்கள், நல்ல வழக்கு. இரண்டும் இல்லை, ஆணையில் இன்னும் பத்துப் பேர் இருக்கிறார்கள் என்றால், வழக்குக்குச் செலவழிக்கும் பணத்தையும் மன உளைச்சலையும் மிச்சம் பிடித்து, பக்கத்து ஊர் கேட்கிற மனுவில் முழு பலத்தையும் போடுங்கள்.

கடைசியாகப் பையன் விஷயம். மேலே ஒரு தமிழ்நாட்டு வழக்கைச் சொன்னேனே, பள்ளிக் கல்வி இயக்குநர் எதிர் கருப்பத் தேவன். மாறுதலுக்கு முன் விளக்கம் கேட்கத் தேவையில்லை என்று சொன்ன அதே தீர்ப்பில் உச்ச நீதிமன்றம், ஊழியரின் பிள்ளைகள் படித்துக்கொண்டிருக்கிறார்கள், உடனே மாற்றியாக வேண்டிய நிர்வாக அவசரமும் இல்லை என்றால் கல்வியாண்டின் நடுவில் மாற்றுவதைத் தவிர்க்க வேண்டும் என்றும் சொல்லி, அந்தக் கல்வியாண்டு முடியும்வரை மாறுதலைச் செயல்படுத்த வேண்டாம் என்று உத்தரவிட்டது. 1994-ஆம் ஆண்டுத் தொகுப்பில் இருக்கிறது, உங்கள் வக்கீல் எடுத்துவிடுவார். நீங்கள் ஏற்கெனவே விடுவிக்கப்பட்டவர் என்பது இதில் ஒரு இடைஞ்சல்தான். ஆனால் பழைய இடத்தில் இன்னும் யாரும் சேரவில்லை என்றால் கேட்கலாம். யாராவது சேர்ந்துவிட்டார்கள் என்றால், கல்வியாண்டு முடிகிற வரை பக்கத்து அலுவலகம் ஒன்றில் மாற்றுப்பணி (தற்காலிகமாக வேறிடத்தில் வேலை பார்க்கும் ஏற்பாடு) கேளுங்கள். அதிகாரியே ஒரு கையெழுத்தில் கொடுக்கக் கூடியது அது. ரிட் மனுவில் முக்கியக் கோரிக்கைக்குக் கீழே, 'இல்லையேல்' என்று போட்டு இதைத் தனியாக எழுதச் சொல்லுங்கள். பள்ளியில் வாங்குகிற சான்றில் பன்னிரண்டாம் வகுப்பு, எந்தக் கல்வியாண்டு, பொதுத்தேர்வு எழுத இருக்கிறார் என்ற மூன்றும் தெளிவாக இருக்கட்டும். வெறும் 'இப்பள்ளியில் படித்து வருகிறார்' என்று ஒரு வரியில் தருவார்கள், அதை வாங்கி வராதீர்கள்.